பாணரும் அவர்கள் இசையின் ஆற்றலும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

சங்கப் பாட்டில் வரும் பாணரைப் பற்றிப் பேச்செடுத்தால் அது சீக்கிரமே ஓரிடத்தில் வந்து நிற்கும்: "பாட்டுப் பாடி யானையை அடக்கினார்களாமே, உண்மையா?" கற்பனைக் கதை எழுதுகிறவர்கள், கணினி விளையாட்டுக்குக் கதை தேடுகிறவர்கள், பள்ளி ஆசிரியர்கள் என்று பலரும் என்னிடம் கேட்டவற்றை இங்கே தொகுத்திருக்கிறேன். முடிந்த இடமெல்லாம் பாட்டின் எண்ணையும் சேர்த்திருக்கிறேன். எடுத்துப் படியுங்கள், என் சொல்லைவிட மூலம் பல மடங்கு இனிது.

பாணர் என்பவர்கள் யார்?

பண், அதாவது பழந்தமிழ் ராகம், பாடுகிறவர் பாணர். யாழைத் தோளில் தாங்கி, மனைவி மக்கள் சுற்றம் என்று எல்லோரையும் கூட்டிக்கொண்டு ஊர் ஊராக நடந்து, வள்ளல்களின் வாயிலில் பாடி, கிடைத்ததைப் பகிர்ந்து உண்டு வாழ்ந்தவர்கள். இசைப்பாணர், யாழ்ப்பாணர், மண்டைப்பாணர் என்று மூன்று வகையாக நச்சினார்க்கினியர் உரையில் பிரிக்கிறார். மண்டை என்பது இரப்பவர் ஏந்தும் கலம். யாழ்ப்பாணரில் சீறியாழ் வாசித்தவர் சிறுபாணர், பேரியாழ் வாசித்தவர் பெரும்பாணர். சிறுபாணாற்றுப்படை, பெரும்பாணாற்றுப்படை என்ற நூற்பெயர்கள் இப்படி வந்தவைதான். பாட்டு சிறியது, பெரியது என்பதால் அல்ல.

இவர்களோடு பொருநர், கூத்தர், கோடியர், வயிரியர் என்று வேறு கலைஞர்களும் அதே வழிகளில் நடந்தார்கள்.

இது கற்பனைக் கூட்டமா, உண்மையில் இருந்தவர்களா?

உண்மையில் இருந்தவர்கள். கரிகாலன், பாரி, பேகன், நள்ளி, வல்வில் ஓரி, நல்லியக்கோடன் என்று அவர்களைப் புரந்தவர்களின் பெயரெல்லாம் பாட்டிலேயே இருக்கிறது.

இசைக்கு இருந்ததாகச் சொல்லப்படும் ஆற்றல்களை மட்டும் வேறு மாதிரி படிக்க வேண்டும். அவை பாடியவரும் கேட்டவரும் நம்பியவை. அந்த நம்பிக்கை எவ்வளவு பரவலாக இருந்தது என்பதற்கு ஒரு நல்ல சான்று உண்டு. பல இடங்களில் இந்த ஆற்றல் உவமையாக வருகிறது. கேட்பவருக்கு முன்பே தெரிந்த ஒன்றைத்தானே புலவர் உவமையாக வைப்பார்? யாழுக்கு யானை அடங்கும் என்பது அந்தக் காலத்துக் காதுகளுக்குப் புதிய செய்தியாக இருந்திருக்காது.

யானையை அடக்கிய கதை எங்கே வருகிறது?

கலித்தொகையின் 2ஆம் பாட்டில். பொருள் தேடப் புறப்பட்ட தலைவன், தோழி எடுத்துச் சொன்னதும் நின்றுவிடுகிறான். எப்படி நின்றான்? "காழ்வரை நில்லாக் கடுங்களிற்று ஒருத்தல் யாழ்வரைத் தங்கியாங்கு." குத்துக்கோலுக்கு நிற்காத முரட்டுக் களிறு யாழோசைக்கு நின்றதுபோல.

எனக்கு இதைவிடப் பிடித்தது அகநானூறு 102. பாடுவது பாணன் அல்ல, தினைப்புனம் காக்கும் கொடிச்சி. இரவு. அவள் கணவன் கள்ளைக் குடித்துவிட்டுப் பரணில் கிடக்கிறான். சந்தனம் பூசிய ஈரக்கூந்தலை மெல்லிய காற்றில் விரலால் கோதி உலர்த்தியபடி அவள் குறிஞ்சிப் பண்ணைப் பாடுகிறாள். தினை மேய வந்த களிறு கதிரையும் வாயில் கொள்ளவில்லை, நின்ற இடத்தை விட்டுப் பெயரவும் இல்லை. உறங்காத அதன் பசுங்கண் உறக்கம் பெறுகிறது. யானை வந்ததும் உறங்கியதும் அவளுக்குத் தெரிந்ததாகப் பாட்டு ஓரிடத்திலும் சொல்லவில்லை. அவள் பாட்டுக்குப் பாடிக்கொண்டிருக்கிறாள்! எத்தனை முறை படித்தாலும் அந்த இடத்தில் எனக்கு மூச்சு ஒரு நொடி நின்றுதான் போகும்.

பிற்காலத்தில் கொங்குவேளிரின் பெருங்கதையில் உதயணன் கோடபதி என்ற யாழை மீட்டி நளகிரி என்னும் மதயானையை அடக்குவான். அது இளவரசனின் வீரச்செயலாகச் சொல்லப்படுகிறது. கொடிச்சியின் யானைக்கு எதிரில் வீரம் என்று ஒன்றுமே இல்லை.

கள்வர்கள் ஆயுதத்தைக் கீழே போட்டார்களாமே?

பொருநராற்றுப்படையில் வருகிறது: "ஆறலை கள்வர் படைவிட அருளின் மாறுதலை பெயர்க்கும் மருவுஇன் பாலை." வழிப்பறிக்காரர் கையிலிருக்கும் படையை விடும்படி, அருளுக்கு மாறான மறம் அவர்களை விட்டு அகலும்படி செய்யும் இனிய பாலைப்பண் என்பது பொருள்.

இரண்டு செய்திகளை இதில் கவனியுங்கள். பாணரும் பொருநரும் வள்ளலிடம் பொன்னும் துணியும் பெற்றுக்கொண்டு வெறிச்சோடிய பாலை வழியே ஊர் திரும்புகிறவர்கள். கள்வருக்கு முதலில் அகப்படக்கூடியவர்கள் அவர்களே. வேல் இல்லை, காவல் இல்லை, பிள்ளைகள் கூட வருகிறார்கள். ஆகவே இந்த நம்பிக்கை பொழுதுபோக்குக்குப் பிறந்ததல்ல, உயிரச்சத்தில் பிறந்தது.

அடுத்தது, அந்தப் பாட்டு கள்வனை ஒன்றுமே செய்வதில்லை. அவன் மயங்கி விழவில்லை, கண் குருடாகவில்லை. அவனிடம் இல்லாமல் போயிருந்த அருள் திரும்பி வருகிறது. அவ்வளவுதான்.

அசுணம் என்பது பறவையா, விலங்கா?

இசையை அறியும் உயிர் என்று மட்டும் பாட்டுகள் சொல்கின்றன. பறவை என்றும் விலங்கு என்றும் பின்னால் வந்தவர்கள் இரண்டு விதமாகவும் எழுதினார்கள். அகநானூறு 88இல், வண்டுக் கூட்டத்தின் இரைச்சலை யாழ் என்று நினைத்து மலைப்பிளவில் இருக்கும் அசுணம் உற்றுக் கேட்கிறது. நற்றிணை 304 காதலனின் மார்பை "அசுணம் கொல்பவர் கைபோல்" இன்பமும் துன்பமும் உடையது என்கிறது. யாழிசையால் அதை அருகில் வரவழைத்து, வந்ததும் பறையை அறைந்து கொல்வார்களாம். பறையொலி கேட்டால் அசுணம் உயிர் வாழாது என்று நான்மணிக்கடிகையும் சொல்கிறது.

நான் இந்தப் பக்கத்தில் சொல்லும் எல்லா ஆற்றல்களிலும், இசை கொலைக்குத் துணைபோவது இந்த ஓரிடத்தில்தான். அதைச் செய்பவர்களும் பாணர் அல்லர், வேட்டைக்காரர்கள்.

காயத்தைப் பாட்டால் ஆற்றினார்களா?

இதற்குச் சற்று நீளமாகப் பதில் சொல்ல வேண்டும். பலரும் தவறாக எடுத்தாளும் பாட்டு இது.

புறநானூறு 281, அரிசில் கிழார் பாடியது. போரில் புண்பட்ட ஒருவன் வீட்டில் கிடக்கிறான். அவன் மனைவி தோழியை அழைக்கிறாள். வீட்டில் இரவம் தழையும் வேப்பந்தழையும் செருகுகிறார்கள். வளைந்த கோட்டையுடைய யாழோடு பல கருவிகளும் ஒலிக்கின்றன. கையை மெல்ல எடுத்து மையைப் பூசுகிறார்கள். வெண்சிறுகடுகைத் தூவுகிறார்கள். ஆம்பல் குழல் ஊதுகிறார்கள். மணியை அடிக்கிறார்கள். காஞ்சிப்பண் பாடுகிறார்கள். நறும்புகை வீடெங்கும் பரவுகிறது. "காக்கம் வம்மோ காதலந் தோழீ" என்கிறாள் அவள்.

காக்கம் என்றால் காப்போம். ஆற்றுவோம் என்று அவள் சொல்லவில்லை. பேய் வந்து புண்ணைத் தீண்டும் என்பது அக்கால அச்சம். பாட்டின் துறையே, அதாவது பொருள் வகையே, பேய்க்காஞ்சிதான். தழையும் கடுகும் புகையும் இசையும் சேர்ந்து அவனைச் சுற்றி ஒரு வேலி போடுகின்றன. உள்ளே அவன் உடம்பு தன் வேலையைச் செய்துகொள்ளட்டும், வெளியிலிருந்து எதுவும் நெருங்க வேண்டாம் என்பதே ஏற்பாடு. இசையை மருந்தாக்கி எழுதும் கட்டுரைகள் இந்த ஒரு சொல்லைத் தாண்டிப் போய்விடுகின்றன.

புறநானூறு 296இலும் இதே காட்சி: வேம்பின் கிளை ஒடிக்கிறார்கள், காஞ்சி பாடுகிறார்கள், கடுகு புகைக்கிறார்கள். ஆனால் அங்கே ஒரு வீட்டில் அல்ல, ஊரின் எல்லா வீட்டிலும். ஒருவனின் தேர் மட்டும் இன்னும் திரும்பவில்லை.

எனக்குச் சின்ன வயதில் அம்மை போட்டிருந்தபோது வாசலில் வேப்பிலை செருகி, பாட்டி தலைமாட்டில் உட்கார்ந்து மாரியம்மன் தாலாட்டுப் படித்தார். வேப்பிலை, புகை, பக்கத்தில் இடைவிடாத ஒரு குரல். கல்லூரியில் 281ஐ முதன்முதலாகப் படித்த அன்று அந்த அறையின் வாசனையே திரும்பி வந்தது.

போரில் இசையை ஆயுதமாகப் பயன்படுத்தினார்களா?

முரசும் கொம்பும் படைக்கு ஊக்கம் தந்தன. அது பாணர் வேலை அல்ல. பாணரின் யாழ் ஆயுதத்தை வென்றதாகச் சொல்லும் பாட்டு ஒன்று உண்டு. பாரியின் பறம்பு மலையை மூவேந்தரும் முற்றுகையிட்டிருந்தபோது கபிலர் அவர்களிடம் சொல்கிறார் (புறநானூறு 109): உங்கள் யானையாலும் தேராலும் வாளாலும் இந்த மலை கிடைக்காது. ஆனால் அதைப் பெறும் வழி எனக்குத் தெரியும். சீறியாழை மீட்டிக்கொண்டு, ஆடிப்பாடும் பெண்களாகிய விறலியர் பின்னே வர, ஆடியும் பாடியும் போங்கள். நாட்டையும் குன்றையும் சேர்த்தே கொடுத்துவிடுவான்.

போர் முடிந்த களத்தில் இசை காவலுக்கு நின்றதும் உண்டு. புறநானூறு 291இல், களத்தில் கிடக்கும் கணவனைப் பறவைகள் நெருங்காமல் பார்த்துக்கொள்ளச் சொல்லித் துடிப்பறை கொட்டும் துடியரையும் பாடுவோரையும் வேண்டும் பெண், "விளரிப்பண் பாடி நான் நரிகளை விரட்டுகிறேன்" என்கிறாள். விளரி இரங்கல் பண். அழுகைதான் அவளுக்குக் கவண்கல்.

யாழுக்குள் தெய்வம் இருப்பதாக நம்பினார்களா?

ஆம். "அணங்கு மெய்ந்நின்ற அமைவரு காட்சி" என்று பொருநராற்றுப்படை யாழைச் சொல்கிறது. அணங்கு உடம்பிலே நிற்கும் கருவி அது. மணமகளை ஒப்பனை செய்து நிறுத்தியதுபோல் இருக்குமாம்.

அதற்கு முன் யாழின் ஒவ்வோர் உறுப்புக்கும் ஓர் உவமை வருகிறது. மான் குளம்பு பதிந்த தடம்போல் நடுவில் உயர்ந்து இருபுறமும் தாழ்ந்த பத்தர் (யாழின் அடிக்குடம்). இளஞ்சூல் கொண்ட சிவந்த பெண்ணின் வயிற்றில் மெல்லிய மயிர் ஒழுங்குபட்டதுபோல் தையல் போட்ட தோல் போர்வை. வளையில் வாழும் நண்டின் கண்போன்ற ஆணிகள். எட்டாம் நாள் திங்களைப்போன்ற வாய். தலை தூக்கிய பாம்புபோன்ற கரிய கோடு (தண்டு). மாநிறப் பெண்ணின் முன்கை வளையல்போல் வரிசையாக இறுகிய திவவுகள் (நரம்புக் கட்டுகள்). மான், நண்டு, பாம்பு, நிலவு, கருவுற்ற பெண் என்று உயிருள்ளதும் வளர்வதுமே அடுக்கடுக்காக வந்து, கடைசியில் அணங்கு வந்து நிற்கிறது. ஒரு கருவிக்கு இப்படி உயிர் கொடுத்த வருணனை தமிழில் வேறு எங்கே இருக்கிறது?

யாழ் வில்லிலிருந்து பிறந்தது. பெரும்பாணாற்றுப்படையில் இடையன் குமிழமரத்தின் உள்துளையுள்ள கொம்பை வளைத்து மரல் நாரை நரம்பாகக் கட்டி வில்யாழ் செய்துகொள்கிறான். அணங்கு குடியிருக்கும் பேரியாழுக்கு மூதாதை, ஆடு மாடு மேய்க்கும்போது செய்த அந்த வில்தான். பின்னாளில் சிலப்பதிகார உரையாசிரியர் அடியார்க்குநல்லார் பேரியாழுக்கு 21 நரம்பு, மகரயாழுக்கு 17, சகோடயாழுக்கு 14, செங்கோட்டியாழுக்கு 7 என்று கணக்குத் தருகிறார்.

யாழ் தானாகவே பண் மாறி ஒலிக்குமா?

புறநானூறு 260 அப்படிச் சொல்கிறது. வள்ளலைத் தேடிப் பசியோடு நடக்கும் பாணன் ஒருவன். வழியில் யாழைத் தொடுகிறான். எப்படி மீட்டினாலும் நரம்பு திரிந்து விளரியில் போய் விழுகிறது. நெஞ்சு தளர்கிறது. எதிரில் தலைவிரிகோலமாக ஒருத்தி வருகிறாள். கள்ளி நிழலில் இருக்கும் கடவுளைக் கும்பிட்டுவிட்டு நடக்கிறான். அப்புறம் அவனுக்குச் செய்தி சொல்லப்படுகிறது: ஊரார் பசுக்களை மீட்கப் போன அவன் தலைவன் இறந்துவிட்டான், துணிப்பந்தலின் கீழே, மயிற்பீலி சூட்டிய கல்லில் அவன் பெயர் இருக்கிறது.

நடுகல்லைப் பார்ப்பதற்கு முன்பே யாழுக்குத் தெரிந்திருந்தது. பாணனின் விரல் பொய் சொல்ல முயன்றும் கருவி உடன்படவில்லை. இசையின் ஆற்றல் பற்றிய பாட்டுகளில் மிகவும் அச்சம் தருவது இதுதான் என்பேன்.

எந்தப் பண்ணையும் எந்த நேரத்திலும் பாடலாமா?

கூடாது. காலையில் மருதம், மாலையில் செவ்வழி. இந்த ஒழுங்கு கெட்டதைப் பற்றி வன்பரணர் நள்ளியிடம் முறையிடுவதுபோல் புகழ்கிறார் (புறநானூறு 149): மாலையில் மருதத்தையும் காலையில் செவ்வழியையும் வாசிக்கிறார்கள் எம்மவர், முறையை மறந்துவிட்டார்கள், எல்லாம் நீ கொடுத்துக் காக்கிறதால் வந்தது! பசி இருந்தவரை பொழுது தவறாமல் பாடியவர்கள், வயிறு நிறைந்ததும் பொழுதையே மறந்தார்களாம்.

செவ்வழிக்கு உரிய நேரத்தில் என்ன ஆகும் என்பதற்கு 144ஐப் பாருங்கள். பேகனால் கைவிடப்பட்ட அவன் மனைவி கண்ணகியின் வாயிலில், இருட்டும் நேரத்தில் பரணர் குழுவினர் சீறியாழில் செவ்வழி அமைத்து அவன் காட்டைப் பாடுகிறார்கள். அவள் காந்தள் அரும்பு போன்ற விரலால் கண்ணீரைத் துடைக்கிறாள், அது நிற்கவில்லை.

பெண்கள் இருந்தார்களா?

விறலி, பாடினி என்ற பெயர்களே அதற்குச் சான்று. பேய்மகள் இளவெயினி பாடிய புறநானூறு 11இல் சேரன் பாலை பாடிய பெருங்கடுங்கோவிடம் பாடினி பொன் அணி பெறுகிறாள். பாணன் வெள்ளி நாரில் தொடுத்த பொற்றாமரை பெறுகிறான். பாடியவரும் பெண், பரிசில் முதலில் சொல்லப்படுவதும் பெண்ணுக்கே.

இந்தக் கூட்டத்தில் சேர ஏதாவது தீட்சை, உறுதிமொழி, தலைமைக் குரு உண்டா?

கதைகளில் வரும் மந்திரக் குழுக்களுக்கு இருப்பதுபோல எதுவும் இல்லை. பாணர் என்பது குடி. "துடியன், பாணன், பறையன், கடம்பன் என்று இந்நான்கு அல்லது குடியும் இல்லை" என்கிறது புறநானூறு 335. பிறப்பால் வருவது, வீட்டிலேயே கற்பது.

ஆனால் அவர்களைக் கட்டிவைத்த ஒரு வழக்கம் இருந்தது. அதை எழுதாத உறுதிமொழி என்றே நான் எடுத்துக்கொள்கிறேன். பரிசு பெற்றுத் திரும்புகிறவன் வழியில் தன்னைப்போல் வாடிவரும் இன்னொருவனைக் கண்டால், கொடுத்தவன் யார், அவன் ஊருக்கு எந்த வழி, வழியில் எந்தெந்த ஊரில் என்ன சாப்பாடு கிடைக்கும் என்று எல்லாவற்றையும் சொல்லி அனுப்ப வேண்டும். இதுதான் ஆற்றுப்படை. மலைபடுகடாத்தில் பன்றிக்கு வைத்த பொறி எங்கே இருக்கும், புனம் காப்போர் எறியும் கவண்கல்லிலிருந்து எப்படித் தப்புவது என்றுகூடச் சொல்லப்படுகிறது. தனக்குச் சோறு போட்ட வாசலை மறைத்துவைக்காமல் அடுத்தவனுக்குக் காட்டிக்கொடுப்பதற்கு எவ்வளவு பெரிய மனம் வேண்டும்! பத்துப்பாட்டில் சரிபாதி, ஐந்து நூல்கள், இந்த அடிப்படையில் எழுந்தவை (திருமுருகாற்றுப்படை மட்டும் முருகனிடம் ஆற்றுப்படுத்துவது).

இவ்வளவு கருவிகளையும் எப்படித் தூக்கிக்கொண்டு நடந்தார்கள்?

கலப்பை என்ற பையில். கலம், அதாவது இசைக்கருவி, இருக்கும் பை. உழுகிற கலப்பை வேறு. முழவு, ஆகுளி, பாண்டில், கொம்பு, தூம்பு, குழல், தட்டை, எல்லரி, பதலை என்று மலைபடுகடாம் பட்டியல் போடுகிறது. யானை மூச்சு விடுவதுபோல் ஒலிக்கும் தூம்புக்குக் களிற்றுயிர்த் தூம்பு என்று பெயர். காவடியில் இந்தப் பைகள் தொங்கியது, பலாமரத்தில் காய்கள் கொத்தாகத் தொங்குவதுபோல் இருந்ததாம்.

இத்தனை ஆற்றல் இருந்தவர்கள் ஏன் பட்டினி கிடந்தார்கள்?

என்னை விட்டு விலகாத கேள்வி இது. கள்வனிடம் அருளை வரவைத்த பாட்டு, களிற்றை உறங்கவைத்த பாட்டு, தன் வீட்டு அடுப்பை ஒருநாளும் எரியவைக்கவில்லை.

சிறுபாணாற்றுப்படையின் அடுக்களையைப் பாருங்கள். பழைய சுவரில் கறையான் அரித்த புழுதியில் காளான் பூத்திருக்கிறது. அண்மையில் குட்டி போட்ட நாய், கண் திறக்காத தன் குட்டிகள் பாலில்லாத மடியைச் சப்புவது பொறுக்காமல் குரைக்கிறது. பசியால் இடை ஒடுங்கிய கிணைமகள் குப்பைமேட்டு வேளைக்கீரையை நகத்தால் கிள்ளி வந்து வேகவைக்கிறாள். உப்பு இல்லை. அக்கம்பக்கத்தார் பார்த்துவிடுவார்களே என்று கூச்சப்பட்டுக் கதவைச் சாத்திவிட்டு, அந்த உப்பில்லாக் கீரையைச் சுற்றத்தாரோடு உட்கார்ந்து தின்கிறார்கள்.

பொருநராற்றுப்படையில் ஈரும் பேனும் அரசாளும் கந்தலோடு போனவன், கரிகாலன் அரண்மனையில் இரவும் பகலும் இறைச்சி தின்று, கொல்லை உழுத கொழுப்போலப் பல் மழுங்கிப் போனதாகச் சொல்கிறான். புறப்படும்போது கரிகாலன் ஏழடி பின்னால் நடந்துவந்து வழியனுப்புவானாம். ஒரு பக்கம் உப்பில்லாக் கீரை, மறுபக்கம் பல் மழுங்கும் விருந்து, நடுவில் நீண்ட வெயில் வழி. இந்த மூன்றுக்குள்தான் அந்த வாழ்க்கை.

இவர்களின் பாட்டு எப்போதும் பிறர்மேல்தான் வேலை செய்தது: பிறருடைய களிறு, பிறருடைய புண், பிறருடைய புகழ். தனக்கென்று அதைத் திருப்பிப் பாடிய பாணன் ஒருவனையும் நான் சங்கப் பாட்டில் கண்டதில்லை. ஐங்குறுநூற்றில் பாண்மகள் மீன் கொடுத்துப் பயறு வாங்குகிறாள் (47). பாட்டு சோறு போடாத நாளில் தூண்டில் போட்டது.

பிறகு அவர்கள் என்ன ஆனார்கள்?

புரந்த குறுநிலத் தலைவர்கள் மறைந்தார்கள், வாயில்கள் மூடின. பக்தி இயக்கக் காலத்தில் பாணர் கோயிலை நோக்கி நடப்பதைப் பார்க்கிறோம். 7ஆம் நூற்றாண்டில் எருக்கத்தம்புலியூரைச் சேர்ந்த திருநீலகண்ட யாழ்ப்பாணர், மனைவி மதங்கசூளாமணியோடு சம்பந்தருடன் சேர்ந்து பயணம் செய்கிறார். தருமபுரத்தில் சம்பந்தர் பாடிய "மாதர் மடப்பிடி" பதிகம் யாழின் நரம்புக்குள் அடங்கவில்லை. பாணர் யாழை உடைக்க ஓங்குகிறார். சம்பந்தர் தடுத்து, கருவியில் அடங்கிய அளவு வாசியுங்கள் என்கிறார். அதனால் அந்தப் பண்ணுக்கு யாழ்முரி என்று பெயர்.

பெரியபுராணத்தில் இவர் கோயில் வாயிலில் நின்று வாசிப்பதும், ஆண்டவன் ஆணையால் உள்ளே அழைக்கப்படுவதும், ஈரத்தில் யாழ் கெடாமலிருக்கப் பொற்பலகை இடப்படுவதும் வருகின்றன. திருவரங்கத்தில் திருப்பாணாழ்வாரை முனிவர் ஒருவர் தோளில் தூக்கி உள்ளே கொண்டுபோன வரலாறும் இதே வகை. ஒரு காலத்தில் கரிகாலன் ஏழடி பின்நடந்த குடியை வாசலுக்கு வெளியே நிறுத்திய சமூகம், உள்ளே விட ஆண்டவனே சொல்ல வேண்டியிருந்தது. இதைப் படிக்கும்போது வரும் வருத்தத்தை மறைக்க நான் விரும்பவில்லை.

தேவார ஏடுகள் கிடைத்த பின்னர் அவற்றின் பண்கள் யாருக்கும் தெரியாமல் இருந்தபோது, எருக்கத்தம்புலியூரில் யாழ்ப்பாணர் மரபில் வந்த ஒரு பெண்ணே எந்தப் பதிகத்துக்கு எந்தப் பண் என்று வகுத்து, பண்ணடைவு செய்து கொடுத்தாள் என்று திருமுறைகண்ட புராணம் சொல்கிறது. அவள் பெயரைப் புராணம் சொல்லவில்லை.

கேரளத்தில் பாணர் இன்றும் இருக்கிறார்கள். மழை கொட்டும் கர்க்கடக மாத இரவுகளில் துடி கொட்டி வீடு வீடாகப் போய்த் துயிலுணர்த்துப் பாட்டுப் பாடுவது அவர்கள் மரபு. தீயதை விலக்கித் திருவை எழுப்பும் பாட்டு அது. புறநானூறு 281இன் காவல் வேலை அங்கே தொடர்வதாக எனக்குத் தோன்றுகிறது.

யாழ்ப்பாணம் என்ற பெயர் இவர்களால் வந்ததா?

கண் தெரியாத யாழ்ப்பாணன் ஒருவன் யாழ் வாசித்து மன்னனை மகிழ்வித்து, மணல் நிலத்தைப் பரிசாகப் பெற்றுக் குடியேறினான் என்பது ஈழத்தில் வழங்கும் கதை. வரலாற்றுச் சான்றாக அதைக் காட்ட முடியாது. ஆனால் ஓர் ஊரே பாணனுக்குக் கிடைத்த பரிசில் என்று மக்கள் தலைமுறை தலைமுறையாகச் சொல்லிவந்தது சின்ன விஷயமல்ல.

பாணரை வைத்து ஒரு மந்திரக் கதை எழுதுகிறேன். எதைக் கவனிக்க வேண்டும்?

எழுதுங்கள். பாட்டிலிருந்து நெருப்பும் மின்னலும் கிளம்புவதாக மட்டும் எழுதிவிடாதீர்கள். அது எந்த நாட்டுக் கதையிலும் கிடைக்கும். இவர்களின் ஆற்றல் நிறுத்துகிற ஆற்றல். நடக்கிற களிறு நிற்கிறது, ஓங்கிய கை இறங்குகிறது, நெருங்கும் பேய் விலகுகிறது. பொழுதுக்கு ஒரு பண் என்ற கட்டுப்பாட்டை வையுங்கள். தவறான பொழுதில் பாடினால் பாட்டு வெறும் ஓசையாகட்டும். யாழ் உண்மை பேசும், பாணன் விரும்பாவிட்டாலும் பேசும். அவன் பசியை மறக்காதீர்கள். பகைவனை வெல்வதைவிட, தனக்கு வழி சொன்னவனைப்போல் தானும் அடுத்தவனுக்கு வழி சொல்வானா மாட்டானா என்பது நல்ல முடிச்சாக இருக்கும்.

யாழையும் அந்தப் பண்களையும் இன்று கேட்க முடியுமா?

மரபாகத் தொடர்ந்து வாசிக்கப்பட்ட யாழ் இன்று இல்லை. மட்டக்களப்புக் காரைதீவில் பிறந்த விபுலானந்த அடிகள் பழம்பாட்டுகளையும் உரைகளையும் கணக்கோடு ஆராய்ந்து எழுதிய யாழ் நூல் 1947இல் திருக்கொள்ளம்பூதூர்க் கோயிலில் அரங்கேறியது. அதே ஆண்டில் அவர் மறைந்தார். அதற்குப் பின் யாழைத் திரும்பச் செய்துபார்க்கும் முயற்சிகள் அவ்வப்போது நடக்கின்றன.

பண்களைக் கேட்க ஓதுவார்களிடம் போக வேண்டும். செவ்வழியை யதுகுல காம்போதியிலும், யாழ்முரியை அடாணாவிலும், மேகராகக் குறிஞ்சியை நீலாம்பரியிலும் அவர்கள் பாடுகிறார்கள். மேகராகக் குறிஞ்சிப் பதிகங்களுக்கு மழையை வரவழைக்கும் ஆற்றல் உண்டென்ற நம்பிக்கை இன்னும் இருக்கிறது. 2019 கோடை வறட்சியில் தமிழ்நாட்டு அறநிலையத் துறையே கோயில்களில் அவற்றைப் பாடச் சொன்னது. சங்கக் கொடிச்சி பாடிய குறிஞ்சியும் இதுவும் ஒன்றுதான் என்று நான் சொல்ல மாட்டேன். ஆனால் இது இராப்பண் வரிசையில் இருக்கிறது, நீலாம்பரியோ நம் வீடுகளில் தாலாட்டின் ராகம்.

ஓதுவார் இருக்கும் கோயிலுக்கு ஒருநாள் அர்த்தசாமப் பூசை நேரத்தில் போங்கள். கூட்டம் இருக்காது. மேகராகக் குறிஞ்சியில் ஒரு பதிகம் பாட முடியுமா என்று கேளுங்கள். பெரும்பாலும் மறுக்க மாட்டார்கள்.